எண்ணுக்கு முன் ஓர் இடைவெளி

பிப்ரவரி 3

அன்புள்ள வாயாடி,

மச்சான் எழுதிய நாலு வரியும் மருத்துவ அறிக்கையின் நகலும் வந்து சேர்ந்தன. 'புத்துநோய், குரல்வளையை முழுசா எடுத்தாத்தான் உயிருக்கு நல்லதுன்னு டாக்டர் சொல்றார். அவ ஒத்துக்க மாட்டேங்கிறா. நீங்க சொன்னா கேப்பா' என்று எழுதியிருந்தார். நான் சொல்லி நீ எதைக் கேட்டாய் என்று யோசித்துப் பார்த்தேன். ஒன்றும் நினைவுக்கு வரவில்லை. இருந்தாலும் எழுதுகிறேன். தொலைபேசியில் பேச வழியில்லை. உன்னைப் பேசக் கூடாது என்று சொல்லியிருக்கிறார்கள். எனக்கோ தொலைபேசியைக் கையில் எடுத்தால் 'ஹலோ'வுக்கு மேல் வாய் ஓடாது. வேலைக்காலம் முழுவதும் ஒலியியல் ஆய்வுக்கூடத்தில் ஊரார் பேச்சை அளந்துகொண்டிருந்தவனுக்கு இப்படி ஒரு வாய்.

இக்கடிதத்தில் வருபவை:

1. குரல்வளை என்ன செய்கிறது.
2. அது எதைச் செய்வதில்லை.
3. அறுவைக்குப் பின் உன்னிடம் எஞ்சுவது.
4. எஞ்சாதது.
5. நீ செய்ய வேண்டியது என்று நான் நினைப்பது.

குழம்பிவிடக் கூடாதே என்றுதான் எண் போட்டேன். சிரிக்காதே.

முதலாவது. கழுத்தின் முன்பக்கம் விரலை வைத்துக்கொண்டு 'ம்ம்' என்று முனகினால் ஓர் அதிர்வு தெரியும். (இப்போது செய்யாதே. நினைத்துப் பார்த்தால் போதும்.) அங்கே இருப்பவை இரண்டு சதை மடிப்புகள். நுரையீரலிலிருந்து வரும் காற்று அவற்றைத் திறக்கிறது. அவை உடனே மூடிக்கொள்கின்றன. காற்று மறுபடியும் திறக்கிறது. பெண்களுக்கு இது நொடிக்கு இருநூறு தடவை போல நடக்கிறது. ஆனால் அங்கே பிறப்பது பேச்சு அல்ல. அதை மட்டும் தனியாகக் கேட்டால், தகர டப்பாவில் மாட்டிக்கொண்ட வண்டின் ரீங்காரம் போல இருக்கும்.

இரண்டாவது. அந்த ரீங்காரத்தைப் பேச்சாக்குவது வாய். தாடை இறங்கினால் ஆ. நாக்கு முன்னே எழுந்து அண்ணத்தை நெருங்கினால் ஈ. உதடு குவிந்தால் ஊ. உதடுகள் மூடித் திறந்தால் ப. நாக்கின் நுனி பல்லைத் தொட்டு விலகினால் த. நாக்கின் பின்பகுதி மேலே முட்டி விலகினால் க. இந்தக் கடைசி மூன்றும் வெடிப்பதற்கு மடிப்புகள் அதிர வேண்டியதே இல்லை. மூச்சை அடக்கிக்கொண்டு செய்தாலும் வாய்க்குள் அடைபட்ட காற்று போதும்.

உன் அறிவிப்புகளைக் கேட்டபோதெல்லாம் நான் வியந்தது இந்த இரண்டாவது வேலையைத்தான். உங்கள் ரயில் நிலையத்துக்குத் தகரக் கூரை. ஒவ்வொரு சொல்லும் மேலே முட்டித் திரும்பி அடுத்த சொல்லின் தலையில் விழும். மற்ற அறிவிப்பாளர்கள் சத்தத்தைக் கூட்டினார்கள், எதிரொலியும் கூடியது. நீ சத்தத்தைக் குறைத்தாய். ப, த, க எல்லாவற்றையும் ஒரு நூல் அழுத்தமாக வைத்தாய். மேடை எண்ணைச் சொல்வதற்கு முன், முந்தைய சொல்லின் எதிரொலி அடங்கும்வரை காத்திருந்தாய். பயணிகள் தவறவிடக் கூடாத ஒரே சொல் அதுதான், அது சுத்தமான காற்றில் போய் விழுந்தது. இதை ஒரு கட்டுரையாக எழுதத் தொடங்கி மூன்று பக்கத்தோடு நிறுத்திவிட்டேன். சொந்தத் தங்கையைத் தூக்கிவைத்து ஆடுகிறான் என்பார்களோ என்று பயம்.

மூன்றாவது. ஆகவே நாக்கு, உதடு, பல், அண்ணம், தாடை, உன் காது, இத்தனை வருடம் பழகிய நிதானம், இவ்வளவும் உன்னிடமே இருக்கும். வாயிலுள்ள காற்றை உணவுக்குழாய்க்குள் தள்ளி, அது திரும்பி வரும்போது அதையே குரலாக்கிப் பேசப் பயிற்சி தருகிறார்கள். பலர் தெளிவாகப் பேசுகிறார்கள் என்று படித்திருக்கிறேன்.

நான்காவது. மூச்சு இனி கழுத்தில் வைக்கும் துளை வழியாகப் போய்வரும்; வாய்க்கு வராது. இப்போதுள்ள குரல் போய்விடும். புதிதாக வருவது தாழ்ந்து, கரகரப்பாக இருக்கும். இப்படிப் பேசுகிறவர்களில் ஆண் யார், பெண் யார் என்று பிரிப்பதே கடினம். ஆகவே, பேச்சைக் கேட்டு இது நீதான் என்று இனி யாரும் அடையாளம் காண முடியாது. நானும் முடியாது. இதை எழுதாமல் விடலாமா என்று யோசித்தேன். எண் போட்ட பிறகு விட மனம் வரவில்லை.

ஐந்தாவது. சம்மதம் கொடு.

அண்ணன்

பிப்ரவரி 10

அண்ணா,

தங்கைக்கு எண் போட்டு ஆறுதல் எழுதுகிற அண்ணன் இந்த உலகத்தில் எனக்கு மட்டும்தான் வாய்த்திருக்கிறார்.

மூன்றாவது வரைக்கும் படித்துவிட்டு நிமிர்ந்து உட்கார்ந்தேன். நாலாவதைப் படித்ததும் கடிதத்தை மடித்துச் சர்க்கரை டப்பாவுக்கு அடியில் வைத்துவிட்டேன். உங்கள் மச்சான் வந்து, "என்ன எழுதியிருக்கார்?" என்று கேட்டார். அச்சகத்து மெஷினுக்குப் பக்கத்திலேயே நின்று காதைத் தொலைத்த மனிதர். அவருக்கு நான் சைகையில் நாலு விரலைக் காட்டினேன். "நாலு நாள்ல வர்றாரா?" என்றார். போதும் என்று ஆகிவிட்டது.

உங்களுக்குப் புரியாத ஒன்றைச் சொல்கிறேன். என் முகம் இந்த ஊரில் யாருக்கும் தெரியாது. நான் உட்காருவது ஜன்னல் இல்லாத ஒரு கூண்டு அறை. ஆனால் காய்கறிக் கடையில் "தக்காளி என்ன விலை?" என்று கேட்டால் பக்கத்தில் நிற்பவர்கள் திரும்பிப் பார்ப்பார்கள். "நீங்க அந்த ஸ்டேஷன்ல பேசறவங்கதானே?" என்பார்கள். ஒரு பெரியவர் ஒரு தடவை, "உங்க குரலைக் கேட்டாத்தான் வீடு வந்த மாதிரி இருக்கும்மா" என்று சொல்லிவிட்டுப் பைக்குள் இரண்டு எலுமிச்சம்பழத்தைப் போட்டுவிட்டுப் போனார். நான் என்றால் அந்தக் குரல்தான். அதை எடுத்துவிட்டு உயிரை மட்டும் மிச்சம் வைத்தால், அது யாருடைய உயிர்?

நாலாவதை வாபஸ் வாங்குங்கள். பொய்யாகவாவது. பிறகு அஞ்சாவதைப் பற்றி யோசிக்கிறேன்.

வாயாடி

பிப்ரவரி 16

அன்புள்ள வாயாடி,

வாபஸ் வாங்கி ஒரு கடிதம் எழுதினேன். படித்துப் பார்த்தேன். அது என் கையெழுத்தில் வேறு யாரோ எழுதியது போல இருந்தது. கிழித்துவிட்டேன். மன்னித்துக்கொள். எனக்குத் தெரிந்தவரை நான்காவது உண்மை. எனக்குத் தெரிந்தது குறைவாக இருக்கலாம். எப்போதும் அந்தச் சந்தேகம் உண்டு. ஆனால் தெரிந்ததற்கு மாறாக உன்னிடம் சொல்ல வரவில்லை.

அதற்குப் பதிலாக ஒரு புகைப்படம் அனுப்புகிறேன். கறுப்பும் சாம்பலுமாக இருப்பதைப் பார்த்துப் பயப்படாதே, அது உன் மேலண்ணம்தான். நான் படித்துக்கொண்டிருந்தபோது உன் நாக்கில் கரித்தூளையும் எண்ணெயையும் குழைத்துப் பூசி 'ழ' சொல்லச் சொன்னேன், ஞாபகம் இருக்கிறதா? வாய்க்குள் சின்னக் கண்ணாடியை நுழைத்து, நாக்கு பட்ட இடத்தில் ஒட்டிய கரியைப் படம் எடுத்தேன். நீ அந்தக் கறுத்த நாக்கை அம்மாவிடம் போய் நீட்டிக் காட்டினாய். எனக்கு அன்றைக்கு விழுந்த அடி உனக்கு மறந்திருக்கலாம்.

படத்தைப் பார். நாக்கு நடுவில் எங்குமே படவில்லை. இரண்டு ஓரங்களில் மட்டும், பென்சிலால் கோடு இழுத்தது போல. அதற்குப் பிறகு எத்தனையோ பேருடைய அண்ணத்தைப் படம் எடுத்தேன். பாடகர்கள், வழக்கறிஞர்கள், பேராசிரியர்கள். இவ்வளவு சுத்தமான தடம் வேறு யாரிடமும் கிடைக்கவில்லை. அப்போது சொன்னால் உனக்குத் தலைக்கனம் ஏறும் என்று சொல்லவில்லை.

மருத்துவரின் கத்தி இந்த இடத்துக்கு வராது.

அண்ணன்

பிப்ரவரி 24

அண்ணா,

டாக்டர் "எல்லாம் பழகிடும்மா" என்கிறார். பக்கத்து வீட்டில் "ஒண்ணும் ஆகாது" என்கிறார்கள். மகள் தூர தேசத்திலிருந்து போன் செய்து, "நீ பழையபடி பேசிடுவேம்மா" என்று அழுகிறாள். எல்லோரும் பாசத்தோடு பொய் சொல்கிறார்கள். கடைக்காரன் அழுகின பழத்தைக் கட்டிக் கொடுத்தாலும் வாய் திறக்காமல் வாங்கிவருகிற நீங்கள் ஒருவர்தான், எனக்குப் பிடிக்காததை எழுதிவிட்டு, நான் கெஞ்சியும் அதிலேயே நின்றீர்கள்.

இரண்டு நாள் உங்களைத் திட்டினேன். மூன்றாவது நாள் ஒன்று தோன்றியது. நாலாவதில் பொய் சொல்லாத ஆள் மூன்றாவதில் மட்டும் எதற்குச் சொல்லப்போகிறார்? நாக்கும் நிதானமும் என்னிடமே இருக்கும் என்று நீங்கள் எழுதியிருந்தால் அவை இருக்கும். கையெழுத்துப் போட்டுவிட்டேன்.

நேற்று நிலையத்துக்குப் போனேன். பேசக் கூடாதுதான். நிலைய அதிகாரி மைக்கை என் பக்கம் தள்ளி, "ஒண்ணே ஒண்ணு சொல்லிட்டுப் போங்க" என்றார். வடக்கே போகிற வண்டி வந்துகொண்டிருந்தது. ஏழாவது மேடை. நீங்கள் சொன்ன அந்த இடைவெளியை விட்டேன். வேலைநாட்களில் அந்த நேரத்தில் அடுத்த சொல்லைத்தான் யோசிப்பேன். நேற்றுதான் முதல் தடவையாகக் கூரையிலிருந்து திரும்பி வருகிற என் குரலைக் காது கொடுத்துக் கேட்டேன். நல்ல குரல்தான் அண்ணா.

நீங்கள் வந்துவிடாதீர்கள். போன தடவை வந்தபோது வண்டியை விட்டு இறங்கி, நான் பேசுவதைக் கேட்டுக்கொண்டு பெஞ்சிலேயே உட்கார்ந்துவிட்டீர்கள். "அண்ணன் காணாம போயிட்டார்" என்று நானே மைக்கில் அறிவிக்கிற நிலைமை வந்தது. ஆஸ்பத்திரியில் உங்களைத் தேடுவதற்கு எனக்கு வாய் இருக்காது.

படத்தைக் கண்ணாடியில் செருகி வைத்திருக்கிறேன். உங்கள் மச்சான் அதைப் பார்த்துவிட்டு, "இது எந்த ஊர் மேப்பு?" என்கிறார்.

வாயாடி

மார்ச் 21

அன்புள்ள வாயாடி,

'நல்லபடியா முடிஞ்சுது, தூங்குறா' என்று மச்சான் எழுதிய அட்டை வந்தது. அதை எத்தனை தடவை படித்தேன் என்று சொன்னால் சிரிப்பாய்.

உனக்குப் பயிற்சி தொடங்குமுன் நானும் செய்து பார்ப்பது முறை என்று தோன்றியது. கண்ணாடி முன் நின்று மூச்சைப் பிடித்துக்கொண்டு 'ப், த், க்' என்றேன். அதுவரை பரவாயில்லை. பிறகு காற்றை விழுங்கி, அது திரும்பி வரும்போது 'பா' சொல்லப் பார்த்தேன். முகம் சிவந்து, கண்ணில் நீர் வந்ததுதான் மிச்சம். கீழ்வீட்டுக்காரர் ஓடி வந்து, "சார், நெஞ்சு வலியா?" என்று முதுகைத் தடவிவிட்டார். என்ன செய்கிறேன் என்று விளக்க எனக்கு வாய் வரவில்லை. ஆமாம் என்று தலையாட்டிவிட்டேன். அவர் வீட்டிலிருந்து தினமும் கஞ்சி வருகிறது.

ஆகவே இது எவ்வளவு கடினம் என்று ஓரளவு தெரிந்துகொண்டேன். அவசரப்படாதே. எழுத முடிந்தபோது எழுது.

அண்ணன்

மே 6

அண்ணா,

கஞ்சிக் கதையை உங்கள் மச்சானிடம் காட்டினேன். இருவரும் சிரித்தோம். என் சிரிப்புக்குச் சத்தம் இல்லை. கழுத்தில் கட்டியிருக்கிற துணி மட்டும் படபடவென்று ஆடும். முதல் தடவை அதைக் கண்ணாடியில் பார்த்தபோது அழுதேன். அதற்கும் சத்தம் இல்லை. இப்போது பழகிவிட்டது. பாருங்கள், டாக்டர் சொன்னது ஒன்றாவது பலித்திருக்கிறது.

வீட்டில் எனக்கு ஒரு சிலேட்டு வாங்கி வைத்தார்கள். உங்கள் மச்சானோடு பேச அது தேவைப்படவில்லை. வாயை மட்டும் அசைத்தேன், பதில் சொன்னார். மறுபடி அசைத்தேன், அதற்கும் பதில் வந்தது. எப்படி என்று வாயசைத்தேன். "காது போனதிலிருந்து உன் வாயைப் பாத்துத்தானே குடும்பம் நடத்திக்கிட்டிருக்கேன். எனக்கு நீ எப்பவும் பேசற மாதிரிதான் பேசற" என்றார். இந்த வீட்டில் ஒருவருக்கு மட்டும் நான் ஒரு நாள்கூட ஊமையாக இருக்கவில்லை.

பயிற்சி தருகிற அம்மா கண்டிப்பானவர். "காத்த முழுங்காதீங்க. 'ப'வுக்கு உதட்டை மூடுங்க, அந்த அழுத்தத்திலேயே உள்ள தள்ளுங்க. திரும்பி வரும், விட்டுடாதீங்க, அது மேல பேசுங்க" என்றார். நீங்கள் எழுதிய அதே ப, த, க. அவைதான் காற்றை உள்ளே தள்ளுகிற கைகள் என்கிறார். ஒரு வாரம் ஒன்றும் வரவில்லை. பிறகு ஏப்பம். பிறகு ஏப்பத்தின் மேல் ஒரு 'பா'. முதலில் வந்த முழுச் சொல் 'போ'. கதவிடுக்கில் எட்டிப் பார்த்துக்கொண்டிருந்த உங்கள் மச்சானைப் பார்த்துச் சொன்னேன். அவர் போகவில்லை. சட்டை நுனியால் கண்ணைத் துடைத்துக்கொண்டு அங்கேயே நின்றார்.

வகுப்பில் நாங்கள் நாலு பேர். ஒருவர் ஏலம் விடுகிறவர், ஒருவர் லாரி ஓட்டியவர், இன்னொருவர் பள்ளிக்கூட ஆசிரியை. கண்ணை மூடிக்கொண்டு கேட்டால் நாலு பழைய கதவுகள் மாறி மாறித் திறக்கிற மாதிரி இருக்கும். நாலாவது சரிதான் அண்ணா. டேப்பில் போட்டுக் கேட்டேன். அது நான் என்று நானே சொல்ல மாட்டேன்.

முன்னாள் வாயாடி

மே 15

அன்புள்ள வாயாடி,

'முன்னாள்' என்பதைப் பென்சிலால் அடித்துவிட்டேன். கடிதங்களைத் திருத்தும் பழக்கம் எனக்கு இல்லை, இது ஒன்றுதான்.

உணவுக்குழாயின் மேல்வாய் விழுங்குவதற்காக அமைந்த ஒரு தசை வளையம். சோறு இறங்கும்போது திறக்கும், மற்ற நேரம் மூடியிருக்கும். அவ்வளவுதான் அதன் வேலை. பேச்சைப் பற்றி அதற்கு ஒன்றுமே தெரியாது. அதை இந்த வயதில் கூப்பிட்டு, ஒரு புது வேலை கொடுத்து, அதிர வைத்து, 'போ' என்று சொல்ல வைத்திருக்கிறாய். நான் படித்த எந்தப் பாடத்திலும் இதைவிட ஆச்சரியம் இல்லை. படித்தபோது அது வெறும் பத்தியாக இருந்தது.

கேட்கச் சங்கடமாக இருக்கிறது, இருந்தாலும் கேட்கிறேன். 'ப'வும் 'ம'வும் தனித்தனியாக வருகின்றனவா? 'ழ' எப்படி இருக்கிறது?

அண்ணன்

ஆகஸ்ட் 14

அண்ணா,

எப்படி இருக்கிறது என்பதை நீங்களே கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். இப்போது முழு வாக்கியங்கள் பேசுகிறேன். காய்கறிக் கடையில் யாரும் திரும்பிப் பார்ப்பதில்லை; பார்க்கிறவர்கள் கழுத்துத் துணியைப் பார்க்கிறார்கள். அதனால் உங்கள் நாலாவதை ஒரு தடவை முறைப்படி சோதித்துவிடலாம் என்று முடிவு செய்திருக்கிறேன். உங்கள் தங்கைக்கு இந்தப் புத்தி எங்கிருந்து வந்தது என்று கேட்காதீர்கள்.

வரும் 28ஆம் தேதி மாலை வகுப்பிலிருந்து உங்களுக்குப் போன் வரும். நாங்கள் நாலு பேரும் ஒரே வாக்கியத்தைச் சொல்வோம். என் பழைய அறிவிப்பு ஒன்றைத்தான் எல்லோரும் மனப்பாடம் செய்திருக்கிறோம். வரிசை சீட்டுப் போட்டு எடுத்தது. யாரும் வணக்கம் சொல்ல மாட்டோம், பேர் சொல்ல மாட்டோம். முடிந்ததும் பயிற்சி அம்மா கேட்பார். நான் எத்தனாவது ஆள் என்று நீங்கள் சொல்ல வேண்டும். தெரியாவிட்டால் தெரியவில்லை என்று சொல்லுங்கள். ஊகிக்கக் கூடாது. எனக்காகப் பொய் சொல்லவும் கூடாது. அது உங்களுக்கு வராது என்று தெரிந்துதான் உங்களைக் கேட்கிறேன்.

தெரியவில்லை என்றால் நான் சிலேட்டுக்கே போய்விடுவேன் என்று பயப்படாதீர்கள். போகலாம் என்று ஒரு நினைப்பு இருக்கத்தான் செய்கிறது. ஆனால் அது உங்கள் பொறுப்பில்லை.

போனை எடுங்கள். மணி அடித்து அடித்து ஓயவிட்டீர்கள் என்றால் கீழ்வீட்டுக்காரருக்குப் போன் செய்வேன்.

வாயாடி

ஆகஸ்ட் 29

அன்புள்ள வாயாடி,

நேற்று நடந்தது உனக்குத் தெரியும். ஆனால் கம்பியின் இந்த முனையில் நடந்தது தெரியாது. அதை எழுதுகிறேன்.

மதியத்திலிருந்தே தொலைபேசிக்குப் பக்கத்தில் நாற்காலியைப் போட்டு உட்கார்ந்துவிட்டேன். ஒரு தாளில் ஒன்று முதல் நான்கு வரை எழுதி வைத்தேன். எந்தச் சோதனையிலும் என் கணிப்பு சரியாக வர வேண்டும் என்றுதான் ஆசைப்பட்டிருக்கிறேன். வாழ்க்கையில் முதல் தடவையாக, தப்பாகப் போக வேண்டும் என்று வேண்டிக்கொண்டேன். அப்படி வேண்டுகிறவன் காது அதற்கு ஏற்றபடியே கேட்டுவிடுமோ என்றும் பயந்தேன்.

முதல் ஆள் பேசினார். தெளிவான பேச்சு. கடைசி வார்த்தைகளைக் கடகடவென்று அடுக்கினார். ஏலக்காரராக இருக்கலாம் என்று நினைத்தேன். இரண்டாவது ஆள் ஒவ்வொரு சொல்லையும் பிரித்துப் பிரித்து, கரும்பலகையில் எழுதுவதுபோலச் சொன்னார். இருவர் குரலும் ஒன்றுதான்.

மூன்றாவது ஆள் தொடங்கியபோது எனக்கு எதுவும் தோன்றவில்லை. அதே தாழ்ந்த கரகரப்பு. 'பயணிகள் கவனத்திற்கு. வடக்கே செல்லும் வண்டி வந்துகொண்டிருக்கும் மேடை.' அதன் பிறகு ஒன்றுமே இல்லை.

இணைப்பு அறுந்துவிட்டது என்றுதான் வேறு யாரும் நினைத்திருப்பார்கள். எனக்குத் தகரக் கூரை கேட்டது. உங்கள் வகுப்பறையில் கூரை எதிரொலிக்காது. என் அறையிலும் எதிரொலிக்காது. எதிரொலியே இல்லாத இடத்தில் அது அடங்கட்டும் என்று காத்திருக்கிற ஆள் ஒருத்திதான் இருக்க முடியும்.

பிறகு 'ஏழு' வந்தது. நாக்கு நடுவில் எங்குமே படவில்லை. இரண்டு ஓரங்களில் மட்டும்.

நான்காவது ஆள் பேசியதை மரியாதைக்காகக் கேட்டேன். அவரிடம் மன்னிப்புக் கேட்டதாகச் சொல். ஒரு சொல்கூட மனதில் நிற்கவில்லை.

அப்புறம் அந்த அம்மா, "சொல்லுங்க சார்" என்றார். என் குரல்வளை முழுசாக இருக்கிறது. மடிப்புகள் இருக்கின்றன, நுரையீரலில் காற்று இருந்தது. ஒன்றும் வரவில்லை. "சார், லைன்ல இருக்கீங்களா?" என்றார். நீ காத்திருந்த அளவு நானும் காத்திருந்துவிட்டு, "மூணு" என்றேன். அந்தப் பக்கம் நிசப்தம். தப்பாகச் சொல்லிவிட்டேனோ என்று தாளிலிருந்த நான்கு எண்களையும் மறுபடி பார்த்தேன். பிறகு அவர் சொன்னார்: "அவங்க சிரிக்கிறாங்க சார். சத்தம் வராது. அதான் நான் சொல்றேன்."

இனி திருத்தம். பிப்ரவரி 3ஆம் தேதிக் கடிதத்தில் ஒன்று, இரண்டு, மூன்று, ஐந்து ஆகியவற்றில் மாற்றம் இல்லை. ஆள் இருப்பது அந்த இரண்டு மடிப்புகளில் என்று நினைத்து நான்காவதை எழுதினேன். பேச்சைக் கேட்டு இது நீதான் என்று இனி யாரும் அடையாளம் காண முடியாது, நானும் முடியாது என்று எழுதியிருந்தேன்.

அது தவறு.

அண்ணன்